அடி ஊறாத தக்காளி டார்ட்

போன வாலிபர் ஐக்கியத்துக்கு, இரவு வேலை முடித்து வந்த அவசரத்தில் நாங்கள் செய்த தக்காளி டார்ட் அடி ஊறிக் களியாகிவிட்டது. பிள்ளைகள் தொடவேயில்லை. தக்காளித் தண்ணீர் செய்த வேலை!

இம்முறை நான்கு தக்காளிகளை வட்டமாக வெட்டி, உப்புத் தூவி, அரை மணி நேரம் வடியவிட்டு, துணியால் ஒற்றி எடுத்தோம். கடையில் சுருட்டி விற்கும் பஃப் பேஸ்ட்ரியைக் குளிர் போகுமுன் விரித்து, ஓரம் விட்டு நடுவில் முள்ளுக்கரண்டியால் குத்தினோம். வெண்ணெய் உருகினால் மாவு அடுக்கடுக்காக எழும்பாது. பிரெஞ்சுக்காரர் செய்வதுபோல் இரண்டு மேசைக்கரண்டி டிஜோன் கடுகு பூசி, துருவிய சீஸ், அதன்மேல் தக்காளி. சூடான ஓவனின் கீழ்த்தட்டில், 200 டிகிரியில், அடி சிவக்கும்வரை சுமார் 35 நிமிடம்.

கடுகிலும் சீஸிலும் உப்பு இருக்கிறது; மேலும் தூவ வேண்டாம். பிரஷர் குளிசை எடுக்கும் அங்கிள்மாரும் ஒரு துண்டு கேட்பார்கள். எங்களிடம் இரண்டு கேட்டார்கள்.