யர்பூஉ முதல் ஜெர்பில் வரை

ஜெர்பில் என்ற பெயரைக் கேட்டால் ஏதோ ஐரோப்பியச் சொல் என்றுதான் தோன்றும். அதன் வேர் கிடப்பது அரேபிய மணலில். பின்னங்கால்களால் கங்காருபோலத் துள்ளித் திரியும் ஒரு சிறு கொறிவிலங்கை அரபு மக்கள் ‘யர்பூஉ’ என்பார்கள். தமீம் குலத்தின் ஒரு கிளைக்கே அந்தப் பெயர் உண்டு. சொல்லின் கடைசி ஒலி தொண்டையின் அடியில் பிறப்பது. ஐரோப்பியரின் வாயில் அது உதிர்ந்துவிட்டது. முதலில் நின்ற யகரம் ஜகரமாயிற்று, யாத்திரை தெலுங்கில் ஜாதர ஆனதைப்போல. அப்படித்தான் யர்பூஉ ஜெர்போவா ஆனது.

1804-இல் பிரெஞ்சு விலங்கியலாளர் தெமாரே இன்னொரு வகைப் பாலை எலிகளுக்குப் பேரினப் பெயர் சூட்டினார். நீண்ட பின்னங்கால், நுனியில் குஞ்சம் கட்டிய வால் என்று பார்வைக்கு ஜெர்போவாவின் சாயல். ஆகவே ‘ஜெர்பில்லஸ்’ என்றார். லத்தீன் விகுதியோடு சேர்த்துப் பார்த்தால் ‘குட்டி ஜெர்போவா’. ஆங்கிலத்தின் ஜெர்பில் அதன் வழிவந்தது.

ஆனால் குட்டியும் இல்லை, நெருங்கிய சொந்தமும் இல்லை. பெரும்பாலான ஜெர்போவாக்களின் பின்பாதத்தில் நடு எலும்புகள் மூன்றும் ஒட்டி, பறவைக் காலில் உள்ளதுபோல ஒரே தண்டாகிவிட்டிருக்கும். ஜெர்பிலுக்கு அவை தனித்தனியாகவே இருக்கின்றன. அது நாலு காலிலும் ஓடும். நம் வீட்டு எலியின் குடும்பம். வறண்ட நிலம் இருவேறு வம்சங்களுக்கு ஒரே சாயலைக் கொடுத்திருக்கிறது. சருகுமானை நாம் மான் என்கிறோமே, அதுவும் உண்மையான மான் குடும்பத்தைச் சேர்ந்ததல்ல. கண்ணுக்குத் தெரிந்த ஒற்றுமையைக்கொண்டு பேர் வைப்பது மனித இயல்பு. எனக்கு அது பிழையாகத் தோன்றவில்லை. உற்றுப் பார்த்ததன் அடையாளமாகவே படுகிறது.

நம் காட்டு ஓரங்களில் வளை தோண்டி வாழும் வெள்ளெலியும் ஒரு ஜெர்பில்தான். மணல் நிற முதுகு, வெள்ளை வெளேரென்ற வயிறு, வால் நுனியில் கரிய குஞ்சம். 1807-இல் கம்பெனிப் படை அதிகாரி தாமஸ் ஹார்ட்விக் இதை முதலில் விவரித்தபோது, ஜெர்போவாக்களுக்குரிய ‘டைபஸ்’ பேரினத்தில்தான் சேர்த்தார். கிரேக்கத்தில் இருகாலி என்று பொருள். தமிழ்க் குடியானவர் நிறத்தைப் பார்த்தார், ஹார்ட்விக் காலைப் பார்த்தார்.

சரி, அரேபியாவுக்கே திரும்புவோம். யர்பூஉ வளை பறிக்கும்போது ஒரு வழியை மட்டும் முழுக்கத் திறக்காமல், மேலே மெல்லிய மண்படலத்தை விட்டுவைக்குமாம். வெளியிலிருந்து பார்த்தால் வெறும் தரை. வாசலில் எதிரி வந்துவிட்டால், தலையால் அந்த மண்ணை முட்டித் தள்ளிக்கொண்டு ஓடிவிடும். அந்த மறைவழிக்கு ‘நாஃபிகா’ என்று பெயர். உள்ளே ஒன்று, வெளியே ஒன்றாக இருப்பவனைக் குறிக்கும் ‘முனாஃபிக்’ என்ற சொல்லை அதிலிருந்தே பிறந்ததாகப் பழைய அரபு அகராதிக்காரர்கள் விளக்கினார்கள். தமிழ் முஸ்லிம்கள் நயவஞ்சகனை இன்றும் அந்தச் சொல்லால்தான் குறிக்கிறார்கள்.