பங்காளிகள் பேசி முடித்த பிறகும் வழக்கு நிற்கும்

சட்டம் நம் வாசலில் – 17

கிணற்றுத் தண்ணீர் முறையில் தகராறு. மரவள்ளி ஏற்றிய டிராக்டரை வண்டித்தடத்தில் மறித்ததில் தகராறு. ராசிபுரம், திருச்செங்கோடு, சங்ககிரி, ஆத்தூர் நீதிமன்றங்களுக்கு வரும் பங்காளி வழக்குகள் பலவற்றுக்கு வேர் இதுதான். அண்ணன் ஸ்டேஷனில் புகார் கொடுப்பார். தம்பி அரசு மருத்துவமனையில் படுத்துக்கொண்டு எதிர்ப்புகார் கொடுப்பார். இரண்டுக்கும் எஃப்.ஐ.ஆர். விழும். பிரிவுகள் அநேகமாக ஒரே வரிசைதான்: பழைய இந்திய தண்டனைச் சட்டத்தின் 294(பி), 323, 324, மிரட்டலுக்கான 506(2). 2024 ஜூலை 1 முதல் புதுச் சட்டத்தில் எண்கள் 296(பி), 115(2), 118(1), 351(3) என்று மாறியிருக்கின்றன.

பிறகு வீட்டில் ஒரு கல்யாணம் வரும், அல்லது ஒரு சாவு விழும். மாமன் மச்சான்கள் கூடிப் பேசி இருவரையும் ஒரே பந்தியில் உட்கார வைத்துவிடுவார்கள். அதோடு வழக்கும் முடிந்தது என்று இரு வீட்டாரும் நம்பிவிடுகிறார்கள். இந்த நம்பிக்கை ஆபத்தானது. எஃப்.ஐ.ஆர். பதிவான பின் வழக்கை நடத்துவது அரசு. புகார் கொடுத்தவர் நினைத்த மாத்திரத்தில் வாபஸ் வாங்க முடியாது. வாய்தாவுக்குப் போகாவிட்டால் பிடிவாரண்ட் வரும்.

எந்தெந்தக் குற்றத்தில் ராஜியாகலாம் என்று சட்டமே அட்டவணை போட்டிருக்கிறது. பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் அது பிரிவு 320, இப்போது 359. கையால் அடித்த குற்றம் அதில் உண்டு. அடிபட்டவர் சம்மதித்தால் மாஜிஸ்திரேட் முன்போ லோக் அதாலத்திலோ முடித்துக்கொள்ளலாம். அது விடுதலைக்குச் சமம். ஆனால் கெட்ட வார்த்தைக்கான 294(பி) அட்டவணையில் இல்லை. ஆயுதத்தால் காயப்படுத்தும் 324-ஐ 2005 திருத்தம் எடுத்துவிட்டது. அடித்தவனை மன்னிக்கலாம், திட்டியவனை மன்னிக்க முடியாது என்றால் எந்தப் பெரியவருக்குப் புரியும்? எங்கள் பக்கத்து வழக்குகள் சிக்கிக்கொண்டு நிற்பது இந்த இடத்தில்தான்.

இதை அவிழ்க்கும் அதிகாரம் சென்னை உயர் நீதிமன்றத்துக்கு உண்டு. நடைமுறைச் சட்டத்தில் முன்பு அது பிரிவு 482, இப்போது 528. குடும்பத் தகராறு, தனிப்பட்ட பிணக்கு போன்றவற்றில் ராஜியை ஏற்று வழக்கை ரத்து செய்யலாம் என்று 2012-இல் கியான் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் வழிகாட்டியது. கொலை, பாலியல் வன்கொடுமை, கொள்ளை போன்ற கொடுங்குற்றங்களுக்கு அந்த வழி இல்லை என்றும் அதே தீர்ப்பு சொன்னது.

அந்த ரத்து உத்தரவுக்காக ஏற்காடு எக்ஸ்பிரஸில் இரவு ஏறி, விடிகாலை சென்னையில் இறங்கி, அண்ணனும் தம்பியும் ஆதார் அட்டையோடு கோர்ட் ஹாலில் நிற்பார்கள். இன்னார்தான் இவர்கள் என்று ஸ்டேஷனிலிருந்து வந்த போலீஸ்காரர் அடையாளம் சொல்வார். கூட்டு ராஜி மனு நீதிபதி கையில் இருக்கும். யாராவது மிரட்டிக் கையெழுத்து வாங்கினார்களா என்று நீதிபதி கேட்பார். அந்தக் கேள்வி வெறும் சம்பிரதாயம் என்று நினைக்காதீர்கள். ஊர்ப் பேச்சுவார்த்தையில் ஆண்கள் பேசி முடிக்க, அடிபட்ட மருமகளோ விதவைச் சித்தியோ திண்ணையில் நிற்பதுதான் வழக்கம். அவளுடைய விருப்பத்தை முதன்முதலாகக் கேட்பவர் சில நேரம் அந்த நீதிபதிதான்.

இத்தனை அலைச்சல் எதற்கு, சாட்சியை மாற்றிச் சொல்லிவிட்டால் போகிறது என்று யோசனை சொல்பவர்கள் உண்டு. பிறழ் சாட்சியால் விடுதலையாகலாம். ஆனால் தமிழ்நாடு காவல் பணி விதிகளின்படி, புகார்தாரர் பிறழ் சாட்சியானதால் விடுதலையானவர் குற்ற வழக்கில் தொடர்புடையவராகவே கருதப்படுவார். இந்த விதியை 2008-இல் சென்னை உயர் நீதிமன்ற முழு அமர்வும் ஏற்றது. சண்டையில் பெயர் சேர்க்கப்பட்ட கல்லூரிப் பையன், நாளை காவலர் தேர்வில் உடற்தகுதி வரை ஜெயித்துவிட்டு இதில் நின்றுபோவான். சத்தியம் செய்து பொய் சொன்ன பாவம் தனி.

வழக்கும் எதிர்வழக்கும் ஒன்றாக முடிய வேண்டும். வண்டித்தடம் எத்தனை அடி, மோட்டார் யாருக்கு எந்தக் கிழமை என்பதை எழுதி, சர்வேயரை வைத்து அளந்து, பாத்தியத்தைப் பதிவும் செய்துகொள்ளுங்கள். அதைச் செய்யாத ராஜி அடுத்த மழை வரைக்கும்தான்.

பெண்களுக்கு வருமான வரம்பு பார்க்காமல் இலவச வக்கீல் உண்டு. சேலம், நாமக்கல் மாவட்ட நீதிமன்ற வளாகங்களில் உள்ள சட்டப் பணிகள் ஆணைக்குழுவில் விண்ணப்பிக்கலாம். உங்கள் வீட்டில் பேசி முடித்த வழக்கு இருந்தால், அது நீதிமன்றத்திலும் முடிந்ததா என்று இந்த வாரமே கேட்டுத் தெரிந்துகொள்ளுங்கள்.