ஊவாத் தோட்டச் சிறாரின் உடல்நலமும் சமூக நிலையும்

திருக்குறளின் 95ஆம் அதிகாரம் ‘மருந்து’ என்னும் பெயர் பூண்டது. பெயர் அவ்வாறாயினும், மருந்துச் சரக்கு ஒன்றேனும் அதன்கண் கூறப்பட்டிலது. உண்ணும் அளவையும் காலத்தையும் பற்றிப் பேசி, நோயின் காரணத்தை ஆராயும் கடமையை மருத்துவர்க்கு உணர்த்தி, ஈற்றிலே மருத்துவமாவது நோயாளியும் மருத்துவரும் மருந்தும் அருகிருந்து உதவுவாரும் ஆகிய நான்கும் கூடியதென்று அவ்வதிகாரம் முடிவுறுகின்றது. நான்காவதாக வைக்கப்பட்ட உறுப்பு ஆழ்ந்து நோக்கற்பாலது. வளர்ந்தோர் தம் தேவையைத் தாமே கூறவும் தேடவும் வல்லர். குழந்தையோ உணவுக்கும் நீருக்கும் மருந்துக்கும் பிறர் கையையே எதிர்நோக்கியிருப்பது. அதற்கு அருகிருந்து உதவுபவள் முதலில் தாய். தாய்க்கு உதவுவோர் குடும்பத்தார். குடும்பத்துக்கு உதவ வேண்டுவது சமுதாயம். இத்தொடரில் ஒரு கண்ணி அற்றாலும் அதன் விளைவு குழந்தையின் உடம்பிலே தோன்றும். பதுளையைச் சூழ்ந்த ஊவாத் தேயிலைத் தோட்டங்களின் வரலாறு இவ்வுண்மைக்குத் தக்கதோர் எடுத்துக்காட்டாகும்.

நோய்க்கும் சமூக நிலைக்கும் உள்ள தொடர்பு நேற்று இன்று கண்டறியப்பட்டதன்று. 1848ஆம் ஆண்டில் மேற் சைலீசியாவிற் பரவிய கொள்ளைக் காய்ச்சலை ஆராயுமாறு பிரசிய அரசாங்கம் ருடோல்ப் விர்க்கோ என்னும் இளம் மருத்துவரை அனுப்பியது. பசியும் நெருக்கமான குடியிருப்பும் கல்வியின்மையுமே அந்நோய்க்கு நிலைக்களம் எனக் கண்ட அவர், மருந்தைக் காட்டிலும் கல்வியையும் சுதந்திரத்தையும் பொருள் வளத்தையுமே பரிகாரமாக எடுத்துரைத்தார். 160 ஆண்டுகள் கழிந்தபின், 2008ஆம் ஆண்டில், உலக சுகாதார நிறுவனம் அமைத்த ஆணைக்குழுவொன்றும் அதே முடிபுக்கு வந்தது. மனிதர் பிறந்து வளர்ந்து உழைக்கும் சூழ்நிலையே அவர்தம் நலத்தைப் பெரிதும் நிருணயிக்கின்றது என்பது அதன் சாரம்.

குழந்தையின் நலத்தை அளக்கும் கருவிகளுள் எளியது உயரம். நிறை சில வாரங்களில் ஏறவும் இறங்கவும் கூடும். உயரமோ பல மாதங்களின் வரலாற்றை எலும்பிலே எழுதி வைப்பது. 2016ஆம் ஆண்டின் குடிசன, சுகாதார மதிப்பீட்டின்படி, வயதுக்குரிய உயரத்தை எய்தாத சிறார், ஐந்து வயதுக்குட்பட்டோருள், இலங்கை முழுவதிலும் 17.3 வீதத்தினர்; தோட்டத் துறையிலோ 31.7 வீதத்தினர். அஃதாவது, மூவரில் ஏறத்தாழ ஒருவர். தோட்டத்தார் இயல்பிலேயே குறுகிய உடலினர் என்று இதற்குச் சமாதானம் கூறுவாரும் உளர். அக்கூற்று ஆராய்ச்சிக்கு நில்லாது. உலக சுகாதார நிறுவனம் 2006ஆம் ஆண்டில் வெளியிட்ட வளர்ச்சி அளவைகள் பிரேசில், கானா, இந்தியா, நோர்வே, ஓமான், அமெரிக்கா ஆகிய ஆறு நாட்டுக் குழந்தைகளை ஆராய்ந்து வகுக்கப்பட்டவை. நல்லுணவும் தூய்மையும் தாய்ப்பாலும் பெற்றவிடத்து அவ்வறு நாட்டுக் குழந்தைகளும் இளம்பருவத்தில் ஏறக்குறைய ஒரே வகையாக வளர்ந்தனர். ஆதலின் பசறை, நமுனுகுலை, மடுல்சீமை மலைகளிற் பிறக்கும் குழந்தையின் குறுக்கத்துக்குக் காரணம் குருதியன்று, சூழ்நிலையே.

அச்சூழ்நிலை எவ்வாறு உருவாயிற்று? தோட்டம் என்பது தொடக்கத்திலிருந்தே நாட்டினுள் ஒரு தனிநாடு போலவே நடத்தப்பட்டது. தொழிலாளரின் வைத்தியத் தேவைகளை நிறைவேற்றும் பொருட்டு 1872ஆம் ஆண்டிலேயே ஒரு சட்டம் பிறந்தது. 1912ஆம் ஆண்டின் சட்டங்கள், லயங்களைச் சுகாதார நிலையில் வைத்திருத்தல், பிரசவித்த தாய்க்கு ஒரு மாத காலம் உணவும் உறைவிடமும் அளித்தல், ஒரு வயதுக்குட்பட்ட குழந்தைகளைப் பேணுதல் ஆகிய பொறுப்புகளைத் தோட்டத் துரைமேற் சுமத்தின. ஏட்டளவில் இவை மேலானவையே. எனினும், தொழிலாளியின் நலம் தோட்ட நிருவாகத்தின் செலவுக் கணக்கில் ஓர் இனமாயிற்றேயன்றி, குடிமகனின் உரிமையாகவில்லை. மலையடிவாரத்துக் கிராமத்துக்கு அரசாங்க மருத்துவிச்சியும் சுகாதாரப் பரிசோதகரும் வந்தனர். மலைமேலிருந்த லயத்துக்குத் தோட்டத்து டாக்டரையாவும் அவரது மருந்துக் காம்பராவுமே கதியாயின. காற்றும் மழையும் இரு சாராருக்கும் பொதுவாயிருந்தன, சேவைகள் பொதுவாயில்லை.

மருந்து மாத்திரம் போதாதென்பதற்கு அக்காலத்துக் கொக்கிப்புழு ஒழிப்பு முயற்சியே சான்று. றொக்பெல்லர் நிதியத்தின் உதவியுடன் 1916ஆம் ஆண்டில் மாத்தளைப் பகுதித் தோட்டங்களில் அது தொடங்கப்பெற்றது. தொழிலாளர்க்கு மருந்தளித்துப் புழுவை வெளியேற்றினர். ஆயினும், மலசலகூடமின்மையால் நிலம் மீண்டும் மாசுற்றது. வெறுங்காலுடன் நடந்தோரின் தோலைத் துளைத்துப் புழுவின் குடம்பி மீண்டும் உடம்பினுட் புகுந்தது. குடலிற் பற்றிய புழு குருதியை உறிஞ்ச, உடல் வெளிறிச் சோகையடைந்தது. மருந்து ஒருநாட் செயல்; மலசலகூடமும் காலணியும் நாள்தோறும் செயற்படுவன. இவ்வேறுபாட்டை உணராது செய்யும் பணி ஓட்டைக் குடத்தில் நீர் வார்ப்பதை ஒக்கும்.

இனி, தோட்டத்துக் குழந்தையொன்றின் வாழ்நாளைத் தொடக்கத்திலிருந்து நோக்குவோர்க்குக் காரணங்கள் ஒன்றோடொன்று பின்னிக் கிடத்தல் புலனாகும். சோகையுற்ற தாய் கருவுற்ற காலத்தும் கூடையைச் சுமந்து செங்குத்தான மலைகளில் கொழுந்து பறிக்கின்றாள். அவளது காலையுணவு பெரும்பாலும் கோதுமைமா ரொட்டியும் சாயத் தண்ணீருமே. உணவோடு அருந்தும் தேநீர் இரும்புச் சத்து உடலிற் சேர்வதைத் தடுக்கும் இயல்பினது; எனவே உலகத்தார்க்கு உற்சாகமளிக்கும் அவ்விலை, பறித்தவளின் சோகையைப் பெருக்கத் துணைபோகின்றது. அவள் வயிற்றிற் பிறக்கும் குழந்தை நிறை குறைந்து பிறக்கின்றது. பிரசவ விடுமுறை முடிந்ததும் தாய் மீண்டும் மலைக்கு ஏக, குழந்தை பிள்ளைக் காம்பராவில் விடப்படுகின்றது. பாலூட்டுவதற்கு இடைவேளை அளிக்கும் ஏற்பாடு 1939ஆம் ஆண்டின் மகப்பேற்று நன்மைகள் சட்டத்தில், பின்வந்த திருத்தங்களின்படி, உண்டு. ஆயின் தாய் நிற்கும் மலைக்கும் பிள்ளைக் காம்பராவுக்கும் இடையிலுள்ள தூரத்தைச் சட்டம் அளந்ததில்லை. ஏறியிறங்கும் நேரத்திற் குறையும் கொழுந்து அவளது ‘பேரை’ அரைப் பேராக்கிவிடக் கூடும். கூலிக்கும் தாய்ப்பாலுக்கும் இடையே ஒன்றைத் தெரியும்படி ஒரு பெண்ணை நிறுத்துவது அவளது அறியாமையன்று. அவள் வாழும் ஒழுங்கின் குறை.

வீட்டின் நிலையும் இத்தகையதே. லயக் காம்பரா பத்தடி அகலமும் பன்னிரண்டடி நீளமும் அளவினதாக, ஒரு நூற்றாண்டுக்கு முன்னர் தனியாட்களை மனத்திற்கொண்டு கட்டப்பட்டது. அதிலே பெற்றோரும் பிள்ளைகளும் முதியோரும் ஒருங்கு வாழ நேர்ந்தது. விறகடுப்பின் புகை போக்கின்றி உள்ளேயே தங்கும்போது குழந்தையின் சுவாசப்பை நோயுறும். ஒருவருக்குற்ற இருமல் ஒரே இரவில் அனைவர்க்குமாகும். பீலியில் வரும் நீர் மலைமேலுள்ள லயத்தைக் கடந்து வருமாயின் வயிற்றோட்டமும் அதனுடன் வரும். அடிக்கடி வயிற்றோட்டமுறும் குழந்தை உண்ட உணவும் உடலிற் சேராது. உறைவிடத்தின் இடர் இவ்வளவில் நின்றதுமில்லை. 2014ஆம் ஆண்டு ஒக்டோபர் 29ஆம் நாட் காலையில் கொஸ்லாந்தையை அடுத்த மீறியபெத்தைத் தோட்டத்து லயங்களை மண்சரிவு மூடியபோது, பாடசாலைக்குச் சென்றிருந்த பிள்ளைகள் பலர் உயிர் தப்பினர். அவருட் சிலர் திரும்பிச் செல்ல வீடுமில்லை, பெற்றோருமில்லை. அவ்விடம் ஆபத்தானதென்னும் எச்சரிக்கை முன்னரே விடுக்கப்பட்டிருந்தது. வேறிடத்தில் வீடமைத்துக் கொள்ளச் சொந்த நிலம் அவர்க்கு இல்லை.

இங்ஙனம் நலக்கேடு நிலைபெற்றமைக்கு அரசியற் காரணமும் உண்டு. 1948ஆம் ஆண்டின் குடியுரிமைச் சட்டத்தாலும் 1949ஆம் ஆண்டின் தேர்தற் சட்டத் திருத்தத்தாலும் தோட்ட மக்களுட் பெரும்பாலார் வாக்குரிமை இழந்தனர். வாக்கில்லாதவன் வாசலுக்கு மருத்துவிச்சியை அனுப்புமாறு மன்றத்திற் கேட்பார் யார்? 1973, 1974ஆம் ஆண்டுகளின் உணவுப் பஞ்சம் இதன் பயனை வெளிப்படுத்திற்று. கிராமத்தானுக்கு மரவள்ளி நடச் சிறிது நிலமேனும் இருந்தது. தோட்டத்தானுக்குக் கூலியும் கூப்பன் அரிசியுமே இருந்தன. அவை சுருங்கியபோது, தோட்டங்களின் சிசு மரணம் ஆயிரம் பிறப்புக்கு நூற்றுக்கு மேல் உயர்ந்தது. நாடு முழுவதற்குமான விகிதமோ அதிற் பாதியளவே. 1987ஆம் ஆண்டின் பிரதேச சபைச் சட்டமும் தோட்டக் குடியிருப்புகளுக்குச் சபை நிதியைச் செலவிட இடந்தரவில்லை. அத்தடை நீங்கியது 2018ஆம் ஆண்டிலேதான். வரிவருமானத்தில் அமைந்த வீதி, குடிநீர், குப்பையகற்றல் முதலிய சேவைகள் தோட்ட எல்லைக் கல்லோடு நின்றமைக்கு இதுவே காரணம்.

எனினும் இருள் மட்டுமே உண்டெனக் கூறுதல் நேர்மையாகாது. 1972, 1975ஆம் ஆண்டுகளின் நிலச் சீர்திருத்தத்தின் பின் தோட்டங்கள் அரசுடைமையாக, தோட்டப் பாடசாலைகளும் காலப்போக்கில் அரசாங்கப் பாடசாலைகளாயின. 1978ஆம் ஆண்டிலே தொடங்கிய விரிவான தடுப்பூசித் திட்டம் லயங்களையும் எட்டிற்று. பிரசவங்கள் லயக் காம்பராவை விட்டு வைத்தியசாலைக்கு மாறின. பஞ்சகாலத்திற் கண்ட சிசு மரணம் பெரிதும் வீழ்ந்தது. தோட்டத்துக்கும் நாட்டுக்குமிடையே அதிலிருந்த இடைவெளி சுருங்கிற்று. 1985ஆம் ஆண்டில் வெளியான ‘குறைந்த செலவில் நல்ல சுகாதாரம்’ என்னும் ஆய்வு, கேரளம், சீனா, கொஸ்தாறிக்கா ஆகியவற்றோடு இலங்கையையும் உலகுக்கு முன்மாதிரியாகக் காட்டியது.

இவ்விடத்தில் ஒரு வினா எழும். சாவைத் தடுத்த சேவைகள் வளர்ச்சியை ஏன் அளிக்கவில்லை? விடை எளிது. தடுப்பூசி ஆண்டிற் சில நாட்கள் செய்ய வேண்டிய பணி. பிரசவம் ஒருநாட் பணி. வளர்ச்சியோ கருவுற்ற நாள்முதல் இரண்டு வயது நிறைவுறும்வரை ஏறத்தாழ ஆயிரம் நாட்கள் இடையறாது நிகழ்வது. அந்நாட்களில் ஒவ்வொன்றிலும் தாய்க்கு உணவும் ஓய்வும், குழந்தைக்குப் பாலும் தூயநீரும் புகையற்ற காற்றும் வேண்டும். ஒருநாட் சேவையை மேலிருந்து அனுப்பலாம். ஆயிரம் நாட் சேவை அருகிலிருப்பாராலேயே இயலும். அருகிருந்து உதவுவாரைக் குறளாசிரியர் மருத்துவத்தின் உறுப்பாக்கியதன் பொருத்தம் ஈண்டு விளங்கும்.

அத்தகைய உதவியாளர் தோட்டத்தில் மூவர். முதலாமவர் வீடுதோறும் செல்லும் குடும்ப நல உத்தியோகத்தர். தாயின் மொழியறிந்தவராயின் அவர் சொல் பயன்படும். தமிழறிந்த உத்தியோகத்தர் போதாமை நீண்டகாலமாகவே உணரப்பட்ட குறை. இரண்டாமவர் பிள்ளைக் காம்பரா ஆயா. முன்னாளிற் குழந்தைகளைத் தொட்டிலிலிட்டுக் காவல் காப்பதே அவர் தொழிலாயிருந்தது. பயிற்சி பெற்ற பொறுப்பாளரையுடைய சிறுவர் அபிவிருத்தி நிலையங்களாக அக்காம்பராக்கள் 1990களின் பின் படிப்படியாக மாற்றப்பட்டமை பெரும் பேறு. மூன்றாமவர் ஆசிரியர். பெண்பிள்ளை ஒருத்தி கற்கும் ஒவ்வோர் ஆண்டும், பிற்காலத்தில் அவள் குழந்தையின் உடம்பிற் பயன் தரும் என்பது பல நாடுகளிற் கண்ட உண்மை.

இவை வீண்போகவில்லை என்பதற்கும் அளவுண்டு. 2006, 2007ஆம் ஆண்டுகளின் மதிப்பீட்டில், தோட்டத் துறையில் உயரம் குன்றிய சிறார் 40.2 வீதத்தினர், மேற்கூறியவாறு, 2016இல் 31.7 வீதத்தினர். பத்தாண்டுக் காலத்துள் நூற்றுக்கு எட்டுக் குழந்தைகளுக்கு மேல் மீட்கப்பட்டனர் என்பது சிறு செய்தியன்று. குறைவது மாறக்கூடியதாதலின் அது விதியன்று. ஆயின் பெற்றதை இழத்தலும் எளிது. 2022ஆம் ஆண்டின் பொருளாதார நெருக்கடியில் கோதுமைமாவின் விலை பன்மடங்கு ஏறியதோடு, 1973ஆம் ஆண்டிலிருந்து கர்ப்பிணிகளுக்கும் சிறார்க்கும் வழங்கப்பட்டு வந்த திரிபோஷாவும், சோளத் தட்டுப்பாட்டால், பலவிடங்களிற் கிடைக்காதாயிற்று. அவ்வாண்டிற் கருவிலிருந்த குழந்தைகள் இழந்த நாட்களைப் பின்வரும் எந்த ஆண்டும் முழுமையாகத் திருப்பித் தர இயலாது.

ஆகவே, ஊவா மலைகளிற் குழந்தையின் நலத்தை வைத்தியசாலையின் உள்ளே மட்டும் தேடுதல் பயனற்றது. அது பீலிக்கரையிலும், அடுப்படியிலும், பிள்ளைக் காம்பராவிலும், கொழுந்து நிறுக்கும் தராசிலும், பிரதேச சபையின் வரவுசெலவுத் திட்டத்திலும் உள்ளது. வகுப்பிலே முன்வாங்கில் இருத்தப்படும் உயரங் குன்றிய பிள்ளையைக் கவனக்குறைவுடையவன் என்று கடியுமுன், அவன் உண்டு வந்ததென்ன, உறங்கிய இடமெது என்று வினவும் ஆசிரியர், நோயின் காரணத்தை ஆராயும் பணியிற் பங்குகொண்டவராவார். அவ்வினாவை லயத்தின் வாசலிலும் சபையின் மன்றிலும் எழுப்பும் பொறுப்பு, அதே லயங்களிற் பிறந்து கல்வியால் உயர்ந்த இளைஞர்க்கு உரியது.