செக் வழக்கில் தண்டனையா? அப்பீல் நாளைத் தவற விடாதீர்கள்

செக் திரும்பிய வழக்கைப் பணத்தகராறு என்றே நம் வணிகர்களில் பலர் நினைக்கிறார்கள். சரக்கு எடுத்தோம், பாக்கி நின்றது, பேசி முடித்துக்கொள்ளலாம் என்று வாய்தாவுக்கு மேல் வாய்தா போகிறது. ஆனால் மாற்றுமுறை ஆவணச் சட்டத்தின் 138-ஆவது பிரிவு கிரிமினல் பிரிவு. 2 ஆண்டு வரை சிறை, அல்லது செக் தொகையில் இரண்டு மடங்கு வரை அபராதம், அல்லது இரண்டுமே விதிக்கலாம்.

மாஜிஸ்திரேட் கோர்ட் தண்டித்தால் செஷன்ஸ் கோர்ட்டுக்கு அப்பீல் போகலாம். அதற்குக் கெடு 30 நாள். சிறைத் தண்டனை என்றால் தீர்ப்பு நகலை அன்றே இலவசமாகக் கொடுக்க வேண்டும் என்பது சட்டம். கேட்டு வாங்காமல் வீட்டுக்கு வந்துவிடுகிறவர்களே அதிகம்.

என்னிடம் பருப்பும் மிளகாயும் எடுத்துவந்த சில்லறைக் கடைக்காரர் ஒருவருக்கு அப்படித்தான் நடந்தது. தீர்ப்பு சொன்ன அன்றே அப்பீல் செய்துகொள்ள வசதியாகத் தண்டனையை நிறுத்திவைத்து ஜாமீனும் கொடுத்தார்கள். மனிதர் வழக்கே முடிந்துவிட்டது போல நிம்மதியாகிவிட்டார். பொங்கல் வியாபாரம் வேறு. வக்கீலிடம் போனபோது கெடு தாண்டி இரண்டு மாதம். தாமதத்தை மன்னிக்கச் சொல்லி மனுப் போட்டார்கள். கடையில் வேலை என்பதைத் தவிரச் சொல்லக் காரணம் இல்லை; மனு தள்ளுபடி. அவர் கொடுத்தது கடனுக்கான செக்கா, ஈடாகக் கொடுத்து வைத்த வெற்றுச் செக்கா என்பதுதான் அந்த வழக்கின் உயிர். அதை மேல்கோர்ட் திறந்துகூடப் பார்க்கவில்லை.

கெடுவுக்குள் போட்டு அப்பீல் கோப்புக்கு எடுக்கப்பட்டுவிட்டால் நிலைமை வேறு. விசாரணை நாளன்று வக்கீலும் வரவில்லை, கட்சிக்காரரும் வரவில்லை என்பதற்காக மட்டும் கிரிமினல் அப்பீலைத் தள்ளுபடி செய்யக்கூடாது. பானி சிங் என்பவரின் அப்பீலை அலகாபாத் உயர்நீதிமன்றம் அப்படித் தள்ளியபோது, உச்சநீதிமன்றம் 1996-இல் அதை ரத்து செய்தது. கீழ்க்கோர்ட் ஆவணங்களைப் படித்து, வழக்கின் தகுதியைப் பார்த்துத்தான் முடிவு சொல்ல வேண்டும் என்றது. சிவில் அப்பீலில் ஆள் வராவிட்டால் தள்ளுபடி செய்யலாம். கிரிமினலில் அது இல்லை. ஆனால் அதே தீர்ப்பில் இன்னொன்றும் உண்டு. நீங்கள் வரும்வரை கோர்ட் காத்திருக்க வேண்டிய கட்டாயம் இல்லை. உங்கள் பக்கம் பேச ஆள் இல்லாமலே கட்டைப் படித்துத் தண்டனையை உறுதி செய்துவிடலாம். தள்ளுபடி இல்லை என்று தைரியமாக உட்கார்ந்திருக்க இதில் இடமில்லை.

நம் ஊருக்குப் பழக்கமான பிரெஞ்சு நாட்டுச் சட்டம் இதில் மிகக் கடுமையாக இருந்தது. சிறைத் தண்டனை பெற்றவர் முதலில் சரணடைய வேண்டும். இல்லாவிட்டால் பாரீஸ் கஸாசியோன் நீதிமன்றம் அவர் மனுவைக் கேட்காது. ஐரோப்பிய மனித உரிமை நீதிமன்றம் 1998-இலும் 1999-இலும் இது தவறு என்று தீர்ப்பளித்தது. 2000-ஆம் ஆண்டுச் சட்டத்தில்தான் பிரான்ஸ் அதை நீக்கியது.

இங்கே செக் வழக்குக்கு வேறொரு நிபந்தனை 2018 செப்டம்பர் முதல் வந்திருக்கிறது. அப்பீல் செய்கிறவர் அபராதம் அல்லது இழப்பீட்டுத் தொகையில் குறைந்தது 20 சதவீதம் கட்டும்படி கோர்ட் உத்தரவிடலாம். 2 லட்சம் இழப்பீடு என்றால் 40,000 ரூபாய். கெடு 60 நாள். தக்க காரணம் காட்டினால் இன்னும் 30 நாள். கட்டாவிட்டால் அப்பீல் தள்ளுபடி என்று அந்தப் பிரிவில் எழுதவில்லை. ஆனால் தண்டனை நிறுத்திவைப்பு போய்விடும் என்று உச்சநீதிமன்றம் 2020-இல் சொல்லிவிட்டது. அப்பீல் ஒரு பக்கம் நடக்க, ஆள் சிறைக்குப் போக நேரிடும். கடையை யார் திறப்பது?

அவ்வளவு பணம் புரட்ட முடியாதவர் சும்மா இருந்துவிடக்கூடாது. 20 சதவீதம் அநியாயமாக முடியும், அல்லது அப்பீல் உரிமையையே பறித்துவிடும் என்றால் விலக்கு அளிக்கலாம் என்று 2023-இல் உச்சநீதிமன்றமே கூறியிருக்கிறது. கேட்கிறவர் மனுவில் காரணத்தைச் சொல்ல வேண்டும். கட்டிய பணத்தை எதிர்க்கட்சி வாங்கிக்கொண்டிருந்தாலும், அப்பீலில் விடுதலையானால் கோர்ட் சொன்ன நாளிலிருந்து 60 நாளுக்குள் ரிசர்வ் வங்கியின் வங்கி வட்டி விகிதப்படி வட்டியோடு அவர் திருப்பித் தர வேண்டும்.