லத்தீனோ நூல்களில் இருமொழி அமைப்பு: மூன்று முறைகளும் அவை கருதும் வாசகரும்

ஆய்வுச் சுருக்கம்

அமெரிக்க ஐக்கிய நாடுகளில் லத்தீனோ மக்களைப் பற்றி எழுந்த சிறுவர், பெரியவர் நூல்கள் ஸ்பானியத்தையும் ஆங்கிலத்தையும் தனிப்பதிப்பு, இணைப்பதிப்பு, கலப்புநடை என மூவகையில் கையாளுகின்றன. ஒவ்வொரு முறையும் வெவ்வேறு வாசகரைக் கருதி அமைகிறது என்பதைத் தேர்ந்தெடுத்த நூல்கள்வழி இக்கட்டுரை விளக்குகிறது.

திறவுச்சொற்கள்: லத்தீனோ இலக்கியம், இருமொழி நூல்கள், சிறுவர் இலக்கியம், நூலகம், மொழியிழப்பு

முன்னுரை

அமெரிக்க ஐக்கிய நாடுகளில் வாழும் லத்தீன் அமெரிக்க வழிவந்தோர் லத்தீனோ எனப்படுகின்றனர். இவர்களுள் பலர் குடிபெயர்ந்து வந்தவர்கள். வேறு சிலரின் முன்னோரோ இருந்த இடத்திலேயே இருந்தவர்கள். 1848ஆம் ஆண்டு ஒப்பந்தத்தால் எல்லைக்கோடு நகர்ந்தபோது மெக்சிகோவின் குடிகளாயிருந்த அவர்கள் அமெரிக்க ஆட்சியின்கீழ் வந்தனர். இத்தகைய குடும்பங்கள் பலவற்றில் பாட்டி ஸ்பானியம் மட்டுமே அறிவார். பேரக்குழந்தை பள்ளியில் ஆங்கிலம் மட்டுமே படிக்கும். இருவரும் ஒரே நூலை மடியில் வைத்துப் படிக்க இயலுமா என்பது நூலின் மொழியமைப்பைப் பொறுத்தது.

தனிப்பதிப்பு

புவேர்ட்டோ ரிக்கோவில் பிறந்த பூரா பெல்ப்ரே 1921இல் நியூயார்க் பொது நூலகத்தில் பணியேற்றார். அந்நூலகத்தின் முதல் புவேர்ட்டோ ரிக்க நூலகர் அவரே. தம் நாட்டு வாய்மொழிக் கதைகள் அங்குள்ள அலமாரிகளில் இல்லாமை கண்டு, தாம் இளமையில் கேட்ட கதைகளைக் குழந்தைகளுக்குச் சொல்லத் தொடங்கினார். மார்ட்டினா என்னும் கரப்பான்பூச்சியும் பெரெஸ் என்னும் எலியும் மணம்புரியும் கதை, 1932இல் ஆங்கில நூலாக வெளிவந்தது. ஸ்பானிய வாய்மொழி மரபு ஆங்கில அச்சு வழியே நூலகத்துள் நுழைந்தது. கதை நிலைபெற்றது, ஆனால் ஆங்கிலம் அறியாத பெற்றோர் அந்நூலைத் தாமே படிக்க இயலவில்லை. நூல் நிறைவு செய்யாத இவ்விடத்தைப் பெல்ப்ரே இரு மொழிகளிலும் நடத்திய கதைநேரங்கள் நிறைவு செய்தன.

பிற்காலத்தில் இக்குறையைப் பதிப்பாளரே களைய முற்பட்டனர். யூயி மொராலெஸ் 2018இல் படைத்த படநூல் ஆங்கிலத்திலும் ஸ்பானியத்திலும் தனித்தனி நூலாக வெளியிடப்பட்டது. மெக்சிகோவிலிருந்து கைக்குழந்தையுடன் வந்த தாய், பொது நூலகத்தின் படநூல்கள்வழி புதிய மொழியைக் கற்பதே அதன் பொருள். தனிப்பதிப்பில் ஒவ்வொரு மொழியும் முழுமையான பக்கவெளியைப் பெறுகிறது. எனினும் ஒரு வீட்டிற்கு இரு படிகள் தேவையாகின்றன.

இணைப்பதிப்பு

இரு மொழிப் பாடங்களையும் ஒரே நூலுள் வைப்பது இணைப்பதிப்பு. டெக்சாஸில் புலம்பெயர் பண்ணைத் தொழிலாளர் குடும்பத்தில் பிறந்த தோமாஸ் ரிவேரா ஸ்பானியத்தில் எழுதிய புதினம், 1971இல் கலிபோர்னியாவின் கின்தோ சோல் பதிப்பகத்தால் ஆங்கில மொழிபெயர்ப்புடன் இணைத்து வெளியிடப்பட்டது. சான் பிரான்சிஸ்கோவில் 1975இல் ஹாரியெட் ரோமர் நிறுவிய சிறுவர் பதிப்பகம் இம்முறையைப் படநூல்களுக்குக் கொண்டுவந்தது.

படநூலில் இம்முறைக்கு ஒரு விலை உண்டு. படத்திற்குரிய பக்கத்தை இரு பாடங்கள் பகிர்வதால் ஒவ்வொன்றும் சுருங்க வேண்டும். எம்மொழி மேலே நிற்கிறது, எதன் எழுத்து பெரிது என்பனவும் குழந்தைக்கு மொழிகளின் மதிப்பைச் சொல்லாமற் சொல்கின்றன. ஆயினும் பாட்டியும் பேரக்குழந்தையும் ஒரே பக்கத்தை ஒருசேரப் படிக்க வழிசெய்வது இம்முறையே.

கலப்புநடை

ஆங்கில நடைக்குள் ஸ்பானியச் சொற்களையும் தொடர்களையும் இயல்பாகக் கலந்து எழுதுவது மூன்றாவது முறை. குளோரியா அன்சால்துவா எல்லைப்புற வாழ்வு குறித்து 1987இல் வெளியிட்ட நூலில் பல ஸ்பானியப் பகுதிகளை மொழிபெயர்க்காமலே விட்டார். ஆங்கில வாசகரே தம்மை நோக்கி முயன்று வரவேண்டும் என்பது அவர் நிலைப்பாடு. அவரே 1993இல் சிறுவர்க்கு எழுதியபோது இணைப்பதிப்பைத் தேர்ந்தார். ஆற்றைக் கடந்து வந்த சிறுவனுக்கும் டெக்சாஸ் சிறுமிக்கும் இடையிலான நட்பைக் கூறும் அந்நூல் இரு மொழிகளையும் முழுமையாகத் தருகிறது. மொழியமைப்பு ஆசிரியரின் கொள்கையால் மட்டுமன்றி, வாசகரின் வயதாலும் தீர்மானிக்கப்படுவதற்கு இது தக்க சான்று.

சாண்ட்ரா சிஸ்னெரோஸ் 1984இல் வெளியிட்ட மாங்கோ தெரு வீட்டைப் பற்றிய புதினம் இவ்விரு நிலைகளுக்கும் இடைப்பட்டது. சிகாகோவில் வளரும் சிறுமி, தன் பெயர் இரு மொழிகளிலும் வேறுவேறு உணர்வு தருவதை எண்ணிப் பார்க்கிறாள். ஆங்கில நூலான இதனைச் சிறுவரும் பெரியவரும் ஒருங்கே பயில்கின்றனர். மெக்சிகோ எழுத்தாளர் எலெனா போனியாதோவ்ஸ்கா 1994இல் இதனை ஸ்பானியத்தில் பெயர்த்தார்.

நூலகமும் பள்ளியும்

இந்நூல்களின் வளர்ச்சியைச் சந்தை மட்டும் தீர்மானிக்கவில்லை. லத்தீனோ மக்களுக்கான நூலகப் பணியை வளர்க்கும் ரெஃபோர்மா சங்கம் 1971இல் தோன்றியது. ஹூஸ்டன் பல்கலைக்கழகத்தைச் சார்ந்த ஆர்த்தே பூப்ளிகோ பதிப்பகம் 1979இல் உருவாகி, சிஸ்னெரோஸின் புதினத்தை முதலில் வெளியிட்டது. பெல்ப்ரே பெயரால் அமைந்த சிறுவர் இலக்கிய விருது 1996 முதல் வழங்கப்படுகிறது. அதே ஆண்டு கவிஞர் பாட் மோரா முன்வைத்த கருத்தின்படி, ஏப்ரல் 30ஆம் நாள் குழந்தைகளுக்கும் நூல்களுக்கும் உரிய நாளாக நூலகங்களில் கொண்டாடப்படுகிறது.

பள்ளியின் நிலை மாறிமாறி வந்தது. கலிபோர்னியாவில் 1998ஆம் ஆண்டு வாக்கெடுப்பு இருமொழிக் கல்வியைப் பெரிதும் கட்டுப்படுத்தியது. 2016ஆம் ஆண்டு வாக்கெடுப்பு அதை நீக்கியது. இடைப்பட்ட காலத்தில் பள்ளியில் பயின்ற குழந்தைகள் பலருக்கு வீட்டுமொழியை அச்சில் காணும் இடமாக வகுப்பறை அமையவில்லை. அப்பொறுப்பு நூலகத்தையும் வீட்டையும் சார்ந்தது.

முடிவுரை

தனிப்பதிப்பு மொழியின் முழுமையையும், இணைப்பதிப்பு தலைமுறைகளின் உறவையும், கலப்புநடை இரு மொழிகளில் வாழ்வோரின் இயல்பான பேச்சையும் முதன்மையாகப் பேணுகின்றன. இவற்றுள் ஒன்றே சிறந்ததென நிறுவ இயலாது. எனினும் வீட்டுமொழியை இழக்கும் நிலையிலுள்ள குழந்தைக்கு இணைப்பதிப்பே பெரிதும் பயன்படும் எனலாம். கலப்புநடை நூலைச் சுவைக்க இரு மொழியறிவும் முன்பே வேண்டும். அவ்வறிவு தொடங்கும் இடம், இரு தலைமுறையினரும் சேர்ந்து படிக்கும் பக்கமே ஆகும்.