வீட்டுக் கடனின் மெய்யான விலை

2023-ஆம் ஆண்டுத் தவக்காலத்தில் ஒரு ஞாயிற்றுக்கிழமை. திருப்பலி முடிந்து மக்கள் கலைந்துகொண்டிருந்த வேளையில், ஆவடிப் பகுதியில் வாழும் நண்பர் ஒருவர் மடித்த காகிதம் ஒன்றை என் கையில் கொடுத்தார். அம்பத்தூர்த் தொழிற்பேட்டையில் பணி புரிபவர், வயது நாற்பது, மனைவியும் இரு பெண்மக்களும் உள்ள அடக்கமான குடும்பம். 2021-ஆம் ஆண்டின் தொடக்கத்தில் 30 லட்சம் ரூபாய் கடன் பெற்றுத் திருமுல்லைவாயில் பக்கம் அடுக்கக வீடு ஒன்றை வாங்கியிருந்தார். அவ்வீட்டு மந்திரிப்புக்கு நானும் சென்றிருந்தேன்.

"ஐயா, இரண்டு வருஷமாக ஒரு தவணைகூடத் தவறியதில்லை. தவணைத் தொகையும் ஏறவில்லை. ஆனால் இதில் ஏதோ போட்டிருக்கிறது, கொஞ்சம் பாருங்கள்" என்றார்.

கடன் கொடுத்த நிறுவனத்தின் கணக்கு அறிக்கை அது. இன்னும் கட்டவேண்டிய காலம் முப்பத்தைந்து ஆண்டுகளுக்கும் மேல் என்று அதில் அச்சாகியிருந்தது. அவர் கடன் வாங்கியதோ இருபது ஆண்டுகளுக்கு. ஐம்பத்தெட்டு வயதில் ஓய்வு பெறும்போது கடனும் தீரவேண்டும் என்று பார்த்துப் பார்த்து எழுதிக் கொடுத்த காலம். அறிக்கையின்படி பார்த்தால், எழுபத்தைந்து வயதைத் தாண்டியும் அவர் தவணை கட்டிக்கொண்டிருப்பார். அச்சுப் பிழையாக இருக்கும் என்றே முதலில் எண்ணினேன். அன்று மாலை அவர் வீட்டுக் கூடத்தில் அமர்ந்து கணக்குப் போட்ட பிறகே, அதில் பிழை ஏதும் இல்லை என்பது விளங்கிற்று.

அந்தக் கணக்கைச் சொல்லுமுன், எளிதான வேறொரு கணக்கை நேயர்கள் மனத்தில் வாங்கிக்கொள்ள வேண்டும். 30 லட்சம் ரூபாய்க் கடன். வட்டி ஆண்டுக்கு 8.5 விழுக்காடு, காலம் 20 ஆண்டுகள், இடையில் வட்டி மாறவே இல்லை என்று வைத்துக்கொள்வோம். மாதத் தவணை 26,035 ரூபாய். இதை 240 மாதங்களால் பெருக்கினால் ஏறத்தாழ 62 லட்சத்து 48 ஆயிரம் ரூபாய் வரும். வாங்கியது 30 லட்சம். வட்டி மட்டும் 32 லட்சத்து 48 ஆயிரம். 'ஒரு வீட்டுக்கு இரண்டு வீட்டின் பணம்' என்று நம் பெரியவர்கள் சொல்லும் பேச்சில் மிகை இல்லை.

எனினும் நம்மவர்களுக்கு வியப்பளிப்பது இந்த மொத்தத் தொகை அன்று. அது எந்த வரிசையில் கழிகிறது என்பதே. முதல் மாதம் கட்டும் 26,035 ரூபாயில் 21,250 ரூபாய் வட்டிக்குப் போய்விடும். அசலில் குறைவது 4,785 ரூபாய்தான். முதல் ஆண்டு முழுவதும் கட்டிய மூன்று லட்சத்துப் பன்னிரண்டாயிரத்தில், அசலில் கழிவது அறுபதாயிரத்துக்கும் சற்றுக் குறைவு. ஐந்து ஆண்டுகள் கட்டி முடித்தால் 15 லட்சத்து 62 ஆயிரம் செலுத்தியிருப்போம். அசலில் குறைந்திருப்பது மூன்றரை லட்சம். பத்தாம் ஆண்டு முடிவில், நாம் கட்டியது 31 லட்சத்தைத் தாண்டியிருக்கும். அதாவது, கடன் வாங்கிய தொகைக்கு மேலேயே கட்டிவிட்டோம். ஆனால் இன்னும் நிற்கும் பாக்கி ஏறத்தாழ 21 லட்சம்! பாதி அசல் தீர்வதற்கே பதினான்கு ஆண்டுகள் ஆகிவிடுகின்றன.

இதில் வஞ்சகம் ஒன்றும் இல்லை என்பதையும் சொல்லிவிட வேண்டும். ஒவ்வொரு மாதமும் நிற்கும் பாக்கிக்கு வட்டி கணக்கிட்டு, தவணையில் அதை முதலில் கழித்துக்கொண்டு, மீதியை அசலில் சேர்க்கிறார்கள். பாக்கி பெரிதாக இருக்கும் தொடக்க காலத்தில் வட்டியும் பெரிது. கணக்கு நேர்மையானதே, அதை நாம் போட்டுப் பார்ப்பதில்லை என்பதே குறை. லூக்கா நற்செய்தியில் வரும் கோபுரம் கட்டுபவனின் உவமையை மறையுரைகளில் எத்தனையோ முறை கேட்டிருக்கிறோம். அக்கணக்கை மனைக்கும் மணலுக்கும் சிமெண்டுக்கும் போடுகிறோமே தவிர, கடனுக்கு எவரும் போடக் காணோம். தவணை சம்பளத்துக்குள் அடங்குமா என்று மட்டும் கேட்டுவிட்டுக் கையெழுத்திட்டுவிடுகிறோம்.

அந்த ஒரு கேள்விதான் நம்மை நீண்ட காலக் கடனில் கொண்டுபோய்ச் சேர்க்கிறது. அதே 30 லட்சத்தை அதே வட்டியில் 30 ஆண்டுகளுக்கு வாங்கினால் தவணை 23,067 ரூபாயாகக் குறையும். மாதம் ஏறத்தாழ 2,970 ரூபாய் மிச்சம். எளிய குடும்பத்துக்கு அது பால் செலவும் மின்கட்டணமும் ஆகும். நான் அதை இகழ்ந்து பேச மாட்டேன். ஆனால் மொத்தம் கட்டும் தொகை 83 லட்சமாக உயர்ந்துவிடுகிறது. மாதம் மூவாயிரம் மிச்சம் பிடித்ததற்கு இருபது லட்சத்துக்கும் மேல் கூடுதல் வட்டி. மாறாக, 15 ஆண்டுகளில் முடிப்பதாயிருந்தால் தவணை 29,542. மொத்தம் 53 லட்சம் சொச்சம். ஆக, ஒரே வீட்டுக்கு, ஒரே கடனுக்கு, ஐம்பத்து மூன்று லட்சமும் விலைதான், எண்பத்து மூன்று லட்சமும் விலைதான்.

இனி நண்பரின் காகிதத்துக்கு வருவோம். அவர் கடன் வாங்கிய 2021-இல் வீட்டுக் கடன் வட்டி என்றும் இல்லாத அளவுக்குத் தாழ்ந்திருந்தது. பெருந்தொற்றுக் காலத்தில், 2020 மே மாதத்தில், ரிசர்வ் வங்கி தன் ரெப்போ வட்டியை 4 விழுக்காடாகக் குறைத்திருந்தது. மற்ற வங்கிகளுக்கு ரிசர்வ் வங்கி குறுகிய காலத்துக்குக் கொடுக்கும் பணத்தின் வட்டி இது. 2019 அக்டோபர் முதல் நாளிலிருந்து வங்கிகள் மாறும் வட்டியில் புதிதாகக் கொடுக்கும் வீட்டுக் கடன்களை இத்தகைய வெளி அளவுகோல் ஒன்றுடன் இணைத்தாக வேண்டும் என்பது விதி. பெரும்பாலான வங்கிகள் ரெப்போவையே கொண்டன. எனவே நண்பருக்கு 6.75 விழுக்காட்டில் கடன் கிடைத்தது. மாதத் தவணை 22,811 ரூபாய்.

ஏணியில் இறங்கியது ஏறவும் செய்யும் அன்றோ? 2022 மே மாதத்தில் தொடங்கி 2023 பிப்ரவரிக்குள் ரெப்போ 6.50 விழுக்காட்டை எட்டிவிட்டது. நண்பரின் வட்டி 9.25 ஆயிற்று. கணக்கு எளிதாக வேண்டி, இந்த இரண்டரை விழுக்காடும் இரண்டாம் ஆண்டு முடிவில் ஒரே நாளில் ஏறியதாகக் கொள்வோம். பாக்கி 28 லட்சத்து 48 ஆயிரம். அதற்கு ஒரு மாத வட்டி மட்டும் 21,953 ரூபாய். தவணையோ பழைய 22,811-ஆகவே நிற்கிறது. அசலுக்குப் போவது 858 ரூபாய்! இந்த வேகத்தில் 28 லட்சம் கரைய 427 மாதங்கள் வேண்டும், முப்பத்தைந்தரை ஆண்டுகள். தவணையை ஏற்றினால் வாடிக்கையாளர் முகம் சுளிப்பார் என்று, அதைத் தொடாமல் காலத்தை நீட்டிவிட்டார்கள். நண்பரோ தவணை ஏறவில்லையே என்று இறைவனுக்கு நன்றி சொல்லிக்கொண்டிருந்தார்.

பழைய காலக்கெடுவுக்குள்ளேயே, அதாவது மீதி 18 ஆண்டுகளுக்குள், கடனை முடிக்க வேண்டுமானால் தவணை 27,116 ரூபாயாக வேண்டும். கூடுதல் 4,305 ரூபாய். அதைக் கொடுக்காமல் விட்டு, வட்டியும் அப்படியே நின்றுவிட்டால், கடைசியில் கொடுப்பது ஏறத்தாழ 39 லட்சம் அதிகம். தாளில் இவ்விரு எண்களையும் அருகருகே எழுதிக் காட்டியபோது நண்பர் பேசவில்லை. அவர் மனைவிதான் கேட்டார்: "அப்படியென்றால் நாங்கள் போன பிறகு எங்கள் பெண்கள் இதைக் கட்ட வேண்டுமா, ஐயா?"

அக்கேள்விக்கு நான் பூசி மெழுகி விடை சொல்லவில்லை. ஓய்வூதியம் இல்லாத தொழிலாளிக்கு ஐம்பத்தெட்டுக்குப் பிறகும் கடன் நீடித்தால், ஒன்று சேமநல நிதியைக் கரைக்க வேண்டும், அல்லது பிள்ளைகள் தலையில் ஏற்ற வேண்டும். மூன்று மாதத் தவணை நின்றுபோனால் அது வாராக் கடனாகிவிடும். 2002-ஆம் ஆண்டுச் சட்டப்படி, அறுபது நாள் அறிவிப்புக் கொடுத்துவிட்டு, வழக்கு மன்றத்தில் முதலில் தீர்ப்புப் பெறாமலேயே வீட்டைக் கைப்பற்றி விற்கும் அதிகாரம் வங்கிக்கு உண்டு.

அக்குடும்பத்தில் வரவு செலவு எழுதுபவர் அந்த அம்மையார்தான். சீட்டு ஒன்று அவ்வாண்டு முடிவதாக இருந்தது. அதைப் புதுப்பிக்காமல் அத்தொகையைத் தவணையில் சேர்ப்பது என்றும், மீதியை அவர் தைக்கும் துணியில் ஈடு கட்டுவது என்றும் அன்றிரவே முடிவாயிற்று. மறுவாரம் இருவரும் சேர்ந்து சென்று தவணையை உயர்த்தும்படி எழுதிக் கொடுத்தார்கள். 'எல்லாரும் குறைக்கச் சொல்லித்தான் வருவார்கள்' என்று அங்கிருந்த அலுவலர் சிரித்தாராம்.

அதே ஆண்டு ஆகஸ்டு 18-ஆம் நாள் ரிசர்வ் வங்கி இது குறித்தே ஓர் ஆணை பிறப்பித்தது. வட்டி மாறும்போது தவணையை உயர்த்துவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டையும் சிறிது சிறிது செய்வதா என்று தேர்ந்தெடுக்கும் வாய்ப்பைக் கடன் வாங்கியவருக்குக் கொடுக்க வேண்டும். எத்தனை தவணை மீதி, அசல் எவ்வளவு, வட்டி எவ்வளவு எனக் காலாண்டுதோறும் தெரிவிக்க வேண்டும். நம் நண்பரைப் போல் எத்தனை பேர் திகைத்திருந்தால் இப்படி ஓர் ஆணை வந்திருக்கும்! அறிக்கை வந்தால் தொகையை மட்டும் பார்க்காமல், முடியும் மாதத்தைப் பார்க்க வேண்டும்.

2025-இல் வட்டி மறுபடி இறங்கிற்று. அவ்வாண்டு டிசம்பரில் ரெப்போ 5.25 விழுக்காடு ஆனது. அப்போது பலர் தவணையைக் குறைத்துக்கொண்டார்கள். நம் அம்மையார் குறைக்கவில்லை. பழகிப்போன தொகை அப்படியே போகட்டும், காலம் குறையட்டும் என்றுவிட்டார். என் கருத்தில் இதைவிட நல்ல சேமிப்பு எளிய குடும்பத்துக்குக் கிட்டாது.

முன்பணம் கட்டுவதிலும் காலமே பெரிது. மேலே முதலில் சொன்ன 8.5 விழுக்காட்டுக் கடனில், முதல் ஆண்டு முடிவில் போனசோ நகை விற்ற பணமோ ஒரு லட்சத்தை அசலில் கட்டிவிட்டால், கடைசியில் பதினெட்டுத் தவணைகள் குறையும். அவற்றின் மதிப்பு 4 லட்சத்து 70 ஆயிரம். அதே லட்சத்தைப் பதினைந்தாம் ஆண்டு முடிவில் கட்டினால் ஆறு தவணைகூட முழுதாய்க் குறையாது. ஆண்டுக்கு ஒரு தவணை கூடுதலாகக் கட்டிவந்தால் இருபது ஆண்டுக் கடன் பதினாறு ஆண்டு எட்டு மாதத்தில் முடிந்து, ஏறத்தாழ 6 லட்சம் மிச்சமாகும். தனிநபர் மாறும் வட்டியில் பெற்ற வீட்டுக் கடனை முன்னதாக அடைப்பதற்கு வங்கிகள் கட்டணம் வாங்கக் கூடாது என்று 2012-இலேயே விதி வந்துவிட்டது. இதை அறியாமல் அஞ்சுவோர் இன்றும் உண்டு.

சில்லறைச் செலவுகளும் உள்ளன. தமிழ்நாட்டில் மனைக்கோ பழைய வீட்டுக்கோ எழுதும் கிரயப் பத்திரத்துக்கு முத்திரைத் தீர்வை 7 விழுக்காடு, பதிவுக் கட்டணம் 2 விழுக்காடு. 40 லட்சம் என்றால் 3 லட்சத்து 60 ஆயிரம். இதற்குப் பொதுவாக வங்கி கடன் தராது. நகைதான் அடகுக் கடைக்குப் போகும். கடனுடன் சேர்த்துத் தலையில் கட்டப்படும் ஆயுள் காப்பீடு இன்னொன்று. ஒரு லட்ச ரூபாய்ப் பிரீமியத்தைக் கடனிலேயே சேர்த்துவிட்டால், இருபது ஆண்டில் அதற்கு 2 லட்சத்து 8 ஆயிரம் கட்டுகிறோம். குடும்பத் தலைவருக்குக் காப்பீடு வேண்டும்தான்; ஆனால் கடனோடு அதை வாங்கியே தீரவேண்டும் என்று சட்டம் ஏதும் இல்லை. தனியே ஆண்டுதோறும் கட்டும் காப்பீட்டை விசாரித்துப் பார்க்கலாம். வருமான வரிச் சலுகையைப் பெரிதாகச் சொல்லிக் கடன் வாங்கத் தூண்டுவோரும் உளர். தாம் குடியிருக்கும் வீட்டின் வட்டிக்கு ஆண்டுக்கு 2 லட்சம் வரையிலான அந்தக் கழிவு, பழைய வரிமுறையைத் தேர்ந்துகொள்வோருக்கு மட்டுமே.

இவ்வளவும் படித்துவிட்டு, வாடகை வீடே மேல் என்று எவரும் முடிவு கட்டிவிட வேண்டாம். வாடகையும் திரும்பி வராத பணமே. இருபது ஆண்டு கழித்துக் கட்டும் 26,000 ரூபாய்க்கு இன்றுள்ள மதிப்பும் இராது. அம்பத்தூர்த் தொழிற்பேட்டை 1964-இல் எழுந்து, ஆவடியில் கனரக வாகனத் தொழிற்சாலை வேலை கொடுத்த நாள்களில் இங்கு வந்து குடியேறிய நம் பெற்றோர் வேறு வகையில் வீடு கட்டினார்கள். மனை வாங்கிப் பல ஆண்டு காத்திருந்து, சேமநல நிதி முன்பணத்தில் ஓர் அறை, மனைவியின் வளையலில் மற்றோர் அறை. சுவர் பூசாமலே புதுநன்மை விருந்து நடந்த வீடுகள் உண்டு. அவர்கள் வட்டி கொடுக்கவில்லை. அதற்குப் பதிலாகப் பாதி வயதை வாடகையிலும் பூசாத சுவரிலும் கழித்தார்கள். நாம் முதலில் குடியேறிப் பிறகு விலை கொடுக்கிறோம். எது சிறந்தது என்று நான் தீர்ப்புச் சொல்ல வரவில்லை.

கடன் முடிந்த அன்று செய்யவேண்டியது ஒன்று உண்டு. முழுத் தொகையும் கட்டியபின் முப்பது நாளுக்குள் மூலப் பத்திரங்களைத் திருப்பித் தரவேண்டும், தாமதித்தால் நாளொன்றுக்கு 5,000 ரூபாய் இழப்பீடு தரவேண்டும் என்பது 2023 டிசம்பர் முதல் நடப்பிலுள்ள விதி. பத்திரத்துடன் கடன் தீர்வுச் சான்றையும் பெற்று, வில்லங்கச் சான்றிதழில் அடமானம் நீக்கப்பட்டிருப்பதையும் சரிபார்த்துக்கொள்ள வேண்டும். நம் அம்மையாரின் கணக்கு நோட்டின் முதல் பக்கத்தில், கடன் முடியும் மாதமும் ஆண்டும் பென்சிலால் எழுதப்பட்டிருக்கின்றன. ஒவ்வோர் அறிக்கை வரும்போதும் அதை அழித்து, சிறிது முன்னாலான மாதம் ஒன்றை எழுதுகிறார்.