சஸ்பெண்ட் ஆனா வேலை போயிடுச்சா?

2023 டிசம்பர் 1. அமலாக்கத் துறையின் மதுரை அலுவலகத்தில் வேலை பார்த்த அங்கித் திவாரி என்ற அதிகாரியை, திண்டுக்கல்லில் தமிழக லஞ்ச ஒழிப்புத் துறை கைது செய்தது. அரசு மருத்துவர் ஒருவரிடம் 20 லட்சம் ரூபாய் லஞ்சம் வாங்கினார் என்பது குற்றச்சாட்டு. அன்றைக்கே மதுரை அலுவலகத்திலும் சோதனை நடந்தது. 2024 மார்ச்சில் உச்ச நீதிமன்றம் அவருக்கு இடைக்கால ஜாமீன் தந்தது.

இப்படி ஒரு செய்தி வந்ததும் நாம கேக்குற முதல் கேள்வி, "சஸ்பெண்ட் பண்ணிட்டாங்களா?" அடுத்த கேள்வி, "இவ்வளவுதானா?" ரெண்டுக்குமே விதியில் பதில் இருக்கிறது.

மத்திய அரசு ஊழியரோ மாநில அரசு ஊழியரோ, 48 மணி நேரத்துக்கு மேல் காவலில் இருந்தால், கைதான நாளிலிருந்தே சஸ்பெண்ட் ஆனதாகத்தான் கருதப்படுவார். தமிழ்நாட்டில் இது 17(இ) என்ற விதியில் வருகிறது. கைதே இல்லாமல், விசாரணை நடக்கும்போதும் சஸ்பெண்ட் செய்யலாம்.

பத்திரிகைகள் இதை 'தற்காலிக பணிநீக்கம்' என்று எழுதுவதால் பாதிக் குழப்பம். சஸ்பெண்ட் என்பது தண்டனை கிடையாது. ஃபைலைத் திருத்தக் கூடாது, சாட்சியை மிரட்டக் கூடாது என்பதற்காக ஆளை நாற்காலியிலிருந்து தள்ளி வைப்பது, அவ்வளவுதான். வேலை அவருடையதாகவே இருக்கும். வேறு வேலைக்குப் போக முடியாது என்பதால் மாதாமாதம் பிழைப்பூதியம் கிடைக்கும். ஆரம்பத்தில் ஏறக்குறைய பாதிச் சம்பளம், நாள் இழுத்தால் அது கூடவும் செய்யும்.

சிக்கலே இந்த 'நாள் இழுப்பதில்'தான். தமிழக ஐ.பி.எஸ். அதிகாரி பிரமோத் குமார், திருப்பூர் பாசி நிதி நிறுவன வழக்கில் 2012ல் கைதாகி சஸ்பெண்ட் ஆனார். ஆறு வருஷம் கழித்து, 2018 ஆகஸ்டில்தான் உச்ச நீதிமன்றம், இன்னும் அவரை வெளியே வைத்திருப்பதில் பயன் இல்லை, முக்கியத்துவம் இல்லாத பதவியில் போட்டுக்கொள்ளலாம் என்றது.

அதற்கு முன்பே, 2015ல் அஜய் குமார் சௌத்ரி வழக்கில் அதே நீதிமன்றம் ஒரு கணக்குச் சொல்லியிருந்தது: மூன்று மாதத்துக்குள் சார்ஜ் மெமோ தராவிட்டால் சஸ்பெண்டை நீட்டிக்கக் கூடாது; தந்திருந்தால், காரணம் எழுதி நீட்டிக்கலாம். உடனே பலரும் "மூணு மாசம் ஆச்சு, என்னைச் சேர்த்துக்கோங்க" என்று வழக்குப் போட்டார்கள். 2022ல் சென்னை உயர் நீதிமன்றத்தின் மூன்று நீதிபதிகள் அமர்வு, மூன்று மாதம் முடிந்தாலே சஸ்பெண்ட் தானாக ரத்தாகிவிடாது, ஒவ்வொரு வழக்கையும் தனித்தனியாகப் பார்க்க வேண்டும் என்றது.

தமிழ்நாட்டில் இன்னொரு வழக்கமும் இருந்தது: ரிட்டயர் ஆகும் அன்று மாலை சஸ்பெண்ட் ஆர்டர்! சஸ்பெண்டில் இருப்பவரை ஓய்வு பெற விடாமல் பணியில் தொடர வைக்க விதி இடம் தருகிறது. வருஷக்கணக்கில் ஃபைலைத் தூங்கவிட்டு, கடைசி நாளில் எழுப்புவது. இந்த நடைமுறை தவிர்க்கப்படும் என்று 2021 செப்டம்பரில் முதல்வர் ஸ்டாலின் சட்டமன்றத்தில் அறிவித்தார்.

தாமதத்தால் யாருக்கு நஷ்டம்? உண்மையிலேயே லஞ்சம் வாங்கியவர், வேலை செய்யாமலே பிழைப்பூதியம் வாங்கிக்கொண்டிருப்பார். வாங்காதவர் வருஷக்கணக்கில் ஊர்ப் பேச்சுக்கு ஆளாவார். கடைசியில் விடுதலையானால், அந்தக் காலத்துக்கான முழுச் சம்பளமும் நம்ம வரிப்பணத்திலிருந்து போகலாம். புகார் கொடுத்தவரோ, அதே ஆள் திரும்ப வந்து உட்காருவாரோ என்ற பயத்தோடவே இருப்பார். நீதிமன்றம் தண்டித்தால் தனியாகத் துறை விசாரணை இல்லாமலே டிஸ்மிஸ் செய்ய அரசியல் சாசனத்தின் 311வது பிரிவு வழி விடுகிறது. ஆனா அதுக்கு வழக்கு முடியணுமே! ஊழல் வழக்குகளை ரெண்டு வருஷத்துக்குள் முடிக்க முயல வேண்டும் என்று 2018ல் சட்டத்தைத் திருத்தியதும் இதனால்தான்.

அதனால அடுத்த முறை செய்தி பார்க்கும்போது "சஸ்பெண்ட் ஆனாரா?" என்பதோடு நிறுத்திக்காதீங்க. சார்ஜ் மெமோ போச்சா, வழக்கு எந்தக் கட்டத்தில் இருக்குன்னு கேளுங்க. கேட்க வேண்டிய கேள்வி அதுதான்.